முல்லா நஸ்ருதீனா, ஜென் கோஆனா?

அபத்தமாக ஒலித்து உண்மையைச் சொல்லும் வாசகங்களைத் தேடுவோர் பலர் இந்த இரண்டுக்கும் நடுவே தயங்குகிறார்கள்: ஒன்று, முல்லா நஸ்ருதீன் என்ற நாட்டுப்புற நாயகரின் வேடிக்கைக் கதைகள்; மற்றது, ஜென் பௌத்தத்தில் தியானத்துக்குத் தரப்படும் புதிர்க் கேள்வியோ உரையாடலோ ஆன கோஆன்.

முதலில், புரிதல்.

நஸ்ருதீன்: விருந்துக்குப் பழைய உடையில் போகிறார், ஒருவரும் கண்டுகொள்ளவில்லை. நல்ல அங்கி அணிந்து திரும்பினால் ஏக உபசாரம். உணவை எடுத்து அங்கியின் கைக்குள் திணிக்கிறார்: “சாப்பிடு, மரியாதை உனக்குத்தானே!” குழந்தைக்கும் புரிந்துவிடும். பெரியவர்களுக்குச் சற்று வலிக்கவும் செய்யும்.

கோஆன்: “புத்தர் என்றால் என்ன?” என்று ஒரு துறவி கேட்கிறார். “மூன்று பவுண்டு சணல்” என்கிறார் சீன குரு துங்ஷான். விளக்கம் தேடினால் வழி அடைபடும். விளக்கிப் பழகிய மனத்தை நிறுத்துவதே அதன் வேலை என்பதால், கோஆன்களுக்கு உரை எழுதிக் குவிப்பது எனக்குச் சிறிதும் உடன்பாடில்லை.

துணை:
நஸ்ருதீனுக்குத் தேவை கேட்க ஒருவர்.
கோஆனுக்குத் தேவை குரு. ஜென்னின் ஒரு பிரிவான ரின்சாய் மரபில் சீடர் தனியே அவரைச் சந்தித்துப் பதில் சொல்ல வேண்டும். பல நேரம் திருப்பி அனுப்பப்படுவார்.

ஆயுள்:
நஸ்ருதீன் கதைசொல்லும் மரபு துருக்கி, உஸ்பெகிஸ்தான் உள்ளிட்ட ஏழு நாடுகளின் பெயரில் 2022இல் யுனெஸ்கோவின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்ந்தது.
சீன ஜென் குரு வூமென் ஹுய்காய் 1228இல் தொகுத்த 48 கோஆன்கள் இன்றும் பயிற்சியில் இருக்கின்றன.

வகுப்பறைக்கும் வீட்டுத் திண்ணைக்கும் தயங்காமல் நஸ்ருதீனை எடுங்கள். தியானத்தில் உட்காருபவர், ஒரே கேள்வியோடு மாதக்கணக்கில் இருக்க முடிந்தவர் கோஆனிடம் போகலாம். பொழுதுபோக்காகக் கோஆன் படிப்பதை மட்டும் நான் பரிந்துரைக்க மாட்டேன்.