டிக்ரி பணத்தைக் கையில் கொடுத்து மோசம் போனோம்

கேரளத்தில் பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம் பக்கம் யார் வீட்டிலாவது கடன் வழக்கு டிக்ரி ஆகியிருந்தால், அதாவது கடனைக் கட்டச் சொல்லி கோர்ட் தீர்ப்பு வந்திருந்தால், தயவுசெய்து இதைப் படித்துவிட்டுப் பணத்தை எடுங்கள்.

அப்பா போர்வெல் போட ஒரு பைனான்ஸ்காரரிடம் புரோநோட்டில் கடன் வாங்கியிருந்தார். இரண்டு வருஷம் தென்னையில் காய்ப்பில்லை, வட்டி நின்றது. அவர் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டு டிக்ரி வாங்கினார், 60 சென்ட் தோப்பு ஜப்தி ஆனது. இதுவரை எங்களுக்கு வருத்தமில்லை. வாங்கின கடனைக் கொடுக்கத்தான் வேண்டும்.

அப்புறம் ஒருநாள் அவரே வீட்டுக்கு வந்தார். திண்ணையில் உட்கார்ந்து மோர் குடித்துக்கொண்டே, "கோர்ட்டுல கட்டப் போனா வக்கீல் பீஸு, அது இதுன்னு செலவாகுங்கண்ணா. என் கையில குடுத்துருங்க, கேஸை நானே முடிச்சுக்கறேன்" என்றார். அம்மாவின் நகையை அடகு வைத்து, கறவை மாடு இரண்டையும் விற்று, மூன்று தவணையில் 3,50,000 ரூபாய் ரொக்கமாகக் கொடுத்தோம். ரசீது தரவில்லை. தன் டைரியில் எழுதுவதை மட்டும் காட்டினார். அப்பா ஒவ்வொரு முறையும் தினசரிக் காலண்டர் தாளைக் கிழித்து, அதன் பின்பக்கம் தொகையை எழுதி வைத்தார்.

எட்டு மாசம் கழித்து மோட்டார் ரூம் கதவில் ஏல அறிவிப்பு ஒட்டியிருந்தது. முழுக்க மலையாளம். அப்பாவுக்கு மலையாளம் நன்றாகப் பேச வரும், எழுத்து தெரியாது. பைனான்ஸ்காரருக்கே போன் செய்து கேட்டிருக்கிறார். "அது பழைய காகிதங்கண்ணா, விடுங்க" என்று பதில் வந்தது. திருப்பூரில் இருந்த எனக்கு அதன் போட்டோ வந்து சேர்ந்தபோது ஏலம் முடிந்து 40 நாள். 7,40,000 ரூபாய்க்கு எடுத்தவர் பைனான்ஸ்காரரின் மச்சான்.

சித்தூரில் ஒரு வக்கீலம்மாவைப் பார்த்தோம். அவர் கேட்ட முதல் கேள்வி: "கொடுத்த பணத்தைக் கோர்ட்டில் பதிவு பண்ணினீங்களா?"

1908 சிவில் நடைமுறைச் சட்டம், ஆணை 21, விதி 2. கோர்ட்டுக்கு வெளியே கொடுத்த பணம் பதிவாகவில்லை என்றால், டிக்ரியை நிறைவேற்றும் கோர்ட் அதைக் கணக்கில் எடுக்காது. பணம் வாங்கினவர் கோர்ட்டுக்குத் தெரிவிக்க வேண்டும். அவர் தெரிவிக்காவிட்டால், கொடுத்தவர் கொடுத்த நாளிலிருந்து 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும். அதற்கும் எழுத்தில் ஆதாரம் வேண்டும், அல்லது வாங்கினவரே ஒப்புக்கொள்ள வேண்டும். அவரா ஒப்புக்கொள்வார்? ஆகவே கோர்ட்டிலேயே கட்டுங்கள். வெளியே கொடுத்தே ஆக வேண்டுமென்றால் பேங்க் வழியாக அனுப்பி, அந்த மாசமே மனுப் போடுங்கள். படிக்க வராத நோட்டீஸ் வந்தால் எதிராளியிடம் விளக்கம் கேட்காதீர்கள், பக்கத்து வீட்டுப் பள்ளிக்கூடப் பிள்ளையிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள்.

ஏலத்தில் மோசடி நடந்தது என்று அதே ஆணையின் விதி 90-ல் போராடலாம் என்றார் வக்கீலம்மா. ஆனால் மோசடியையும் அதனால் வந்த பெரிய நஷ்டத்தையும் நாங்கள்தான் நிரூபிக்க வேண்டும், அந்த மனு நிலுவையில் இருக்கும்வரை விதி 89 பக்கம் போக முடியாது. விதி 89 என்பது இது: ஏலம் நடந்து 60 நாளுக்குள், அறிவிப்பில் கண்ட பாக்கி முழுவதையும், ஏலம் எடுத்தவருக்காக ஏலத்தொகையில் 5 சதவீதத்தையும் கட்டி மனுக் கொடுத்தால் ஏலம் ரத்தாகும். எங்களுக்கு 4,86,000 ரூபாயும் அதற்கு மேல் 37,000 ரூபாயும் வந்தது. மிச்சம் இருந்தது 20 நாள். என் மாமனார், சித்தி, தம்பியின் முதலாளி என்று ஒருவர் விடாமல் கேட்டு, 57ஆம் நாள் கட்டினோம். தோப்பு தப்பியது. ஒரே கடனுக்கு இரண்டு முறை பணம் போனது.

முதலில் கொடுத்த 3,50,000 ரூபாயைத் திருப்பிக் கேட்டுத் தனி வழக்குக்கு வக்கீலம்மா மனு எழுதிக்கொண்டிருக்கிறார். எங்களிடம் இருப்பது அந்த மூன்று காலண்டர் தாள்கள்தான். அம்மா அவற்றை ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டு, ரேஷன் கார்டோடு பீரோவில் வைத்திருக்கிறார்.