ரசீது கேட்டு நரகத்துக்குப் போனவன்

பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் பண்டிகைத் துணி எடுக்க வந்த கூட்டத்தில் அகப்பட்டிருந்தோம். மனைவியும் மகளும் மூன்றாவது கடைக்குள் நுழைந்தபோது, வெளியே நிற்கிறேன் என்று சொல்லி நழுவினேன். பக்கத்துச் சந்தில், மாடிப்படிக்கு அடியில், ஆள் நிமிர்ந்து நிற்க முடியாத ஒரு பழைய புத்தகக் கடை. பெயர்ப்பலகை கிடையாது. வாசலில் பத்தாம் வகுப்பு வினா விடைப் புத்தகங்கள், உள்ளே போட்டித் தேர்வுப் புத்தகங்கள். அதற்கும் உள்ளே, டியூப் லைட் வெளிச்சம் எட்டாத மூலையில், யாரோ காலி செய்த வீட்டிலிருந்து எடைக்கு வந்த ஆங்கிலப் புத்தகங்கள். அந்த மூலைக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

கடைக்காரருக்கு முப்பது வயது இருக்கலாம். பேரம் பேச மாட்டார். புத்தகத்தின் கடைசிப் பக்கத்து ஓரத்தில் பென்சிலால் இரண்டு எண்கள் எழுதுவார். மேலே இருப்பது நாம் கொடுக்க வேண்டியது. கீழே இருப்பது, இரண்டு மாதத்துக்குள் திருப்பிக் கொண்டுவந்தால் அவர் தருவது. எனக்கு 180, 90 என்று எழுதினார். பில் கேட்டேன்.

“எழுதியிருக்கிறேனே சார், அதுதான் பில்” என்றார்.

நான் துறைமுகத்தில் 31 ஆண்டுகள் கிடங்கு எழுத்தராக இருந்தவன். மூட்டை உள்ளே வந்தால் ஒரு சீட்டு, வெளியே போனால் ஒரு சீட்டு. பென்சில் எழுத்தை நம்பிப் பணத்தைக் கொடுத்தது அன்றுதான். அதற்குள் மகள் கைபேசியில் மூன்று முறை அழைத்துவிட்டாள்.

வாங்கியது ஸ்காட்லாந்துப் பேய்க் கதைகளின் தொகுப்பு. முன்னட்டை இல்லை, தலைப்புப் பக்கம் இல்லை. தொகுத்தவர் பெயரும் அவற்றோடு போய்விட்டது. முன்னுரையில் பாதி மிஞ்சியிருக்கிறது. கரையான் தொடவில்லை, ஆனால் ஈரம் பட்டிருக்கிறது. நடுவில் ஏறக்குறைய இருபது பக்கங்கள் அப்பளம்போல நெளிந்திருக்கின்றன. பெரிய நஷ்டம் பின்னால். இந்தக் கதைகளில் பல, ஸ்காட்லாந்தின் பேச்சு வழக்கில் எழுதப்பட்டவை. அதற்காகக் கடைசியில் ஓர் அருஞ்சொல் பட்டியல் கொடுத்திருக்கிறார்கள். அது ‘எம்’ எழுத்தோடு நின்றுவிடுகிறது. மீதியை எந்தக் கடலைக்காரர் பொட்டலம் மடித்தாரோ.

முதல் கதையே வால்டர் ஸ்காட்டுடையது. ‘ரெட்காண்ட்லெட்’ என்ற 1824-ஆம் ஆண்டு நாவலின் நடுவில், கண் தெரியாத பிடில்காரன் ஒருவன் தன் தாத்தாவுக்கு நேர்ந்ததாகச் சொல்வது. தாத்தா ஸ்டீனி பைப் (காற்றுப் பையோடு சேர்ந்த குழல் வாத்தியம்) வாசிப்பவன். சர் ராபர்ட் என்ற கொடுங்கோல் ஜமீன்தாரின் குடியானவன். குத்தகை இரண்டு தவணை பாக்கி. கடன் வாங்கி, வெள்ளிக்காசுப் பையோடு மாளிகைக்குப் போகிறான். ஜமீன்தார் கீல்வாதத்தில் துடித்துக்கொண்டிருக்கிறார். எதிரே அவருடைய வளர்ப்புக் குரங்கு, சரிகை வைத்த சிவப்புக் கோட்டும் எசமானின் பொய்முடியும் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. பணத்தை வாங்கிக்கொள்கிறார். ரசீது கைக்கு வருவதற்குள் அலறல் கேட்கிறது. கால் வைக்கக் கொண்டுவந்த தண்ணீர் சுடுகிறது என்கிறார், ஒயினைக் கொடுத்தால் ரத்தம் என்கிறார், செத்துப்போகிறார். அந்தக் களேபரத்தில் காசுப்பையையும் காணோம், குரங்கையும் காணோம்.

பட்டத்துக்கு வந்த மகன் சர் ஜான் வழக்கறிஞர். கத்தவில்லை, மிரட்டவில்லை. பணம் கட்டினாய் என்றால் ரசீது எங்கே, சாட்சி யார் என்று மட்டும் கேட்கிறார்.

இந்த இடத்தில் நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். 1974-இல் ராயபுரத்தில் நாங்கள் குடியிருந்த வீட்டுக்கு அப்பா 600 ரூபாய் அட்வான்ஸ் கொடுத்திருந்தார். தங்கசாலையில் ஓர் அச்சகத்தில் எழுத்துக் கோப்பவருக்கு அது சின்னப் பணம் இல்லை. வீட்டுக்காரர் நல்ல மனிதர், ‘நமக்குள் என்ன சீட்டு’ என்று சொல்லியிருக்கிறார். ஒரு வெள்ளிக்கிழமை விடியற்காலையில் அவர் மாரடைப்பில் போனார். பதினாறாம் நாள் காரியம் முடிந்து மகன் வந்து, வேறு வீடு பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். அட்வான்ஸ் என்று அப்பா வாயெடுத்ததும், “எழுத்தில் ஏதாவது இருக்கிறதா?” என்றார். அதிலும் குரல் உயரவில்லை. ஊரார் பெயரையெல்லாம் ஈயத்தில் கோத்த மனிதரிடம் தன் பெயர் எழுதிய ஒரு துண்டுக் காகிதம் இல்லை.

ஸ்டீனிக்கு ஒரு வழி கிடைக்கிறது. இருட்டில் காட்டு வழியே திரும்பும்போது குதிரையில் ஒருவன் கூட வருகிறான். செத்தவரிடமே கூட்டிப்போகிறேன், வாங்கிக்கொள் என்கிறான். போகிறான் ஸ்டீனி. அதே மாளிகை, அதே கூடம். விருந்தில் உட்கார்ந்து சிரிப்பவர்கள் மட்டும் எப்போதோ செத்துப்போன கொடியவர்கள். எசமானைத் தொடர்ந்து செத்த பழைய வேலைக்காரன் காதோடு எச்சரிக்கிறான்: இங்கே எதையும் வாங்காதே, உனக்குச் சேர வேண்டிய ரசீதைத் தவிர. சாப்பிடச் சொல்கிறார்கள், குடிக்கச் சொல்கிறார்கள். பைப்பைக் கொடுத்து வாசிக்கச் சொல்கிறார்கள். பார்த்தால் குழல் எஃகு, வெள்ளையாகக் காய்ந்திருக்கிறது. எல்லாவற்றையும் மறுத்துவிட்டு, விருந்துக்கு வரவில்லை, ரசீதுக்கு வந்தேன் என்று நிற்கிறான்.

கிடைத்துவிடுகிறது. விழித்துப் பார்த்தால் கல்லறைத் தோட்டத்தில் பனியில் கிடக்கிறான்; கையில் காகிதம். சர் ஜான் அதை வாங்கிப் பார்க்கிறார். கையெழுத்து அப்பாவுடையதுதான், தேதி மட்டும் நேற்றையது! ஒரு கணக்கு எழுதுபவனுக்கு இதைவிடப் பயங்கரமான பேய்க் கதையை யாரும் சொல்ல முடியாது. காசுப்பை எங்கே கிடைத்தது என்பதை உங்களுக்காக விட்டுவைக்கிறேன், குரங்கை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கடைசியில் சர் ஜான் அந்த ரசீதைக் கணப்பில் போடுகிறார். அது எரியாமல் வாணம்போலப் பொறி பறக்கப் புகைபோக்கி வழியே மேலே போய்விடுகிறது. இந்தக் கதையை மூன்று முறை படித்துவிட்டேன்.

அடுத்து ராபர்ட் லூயி ஸ்டீவன்சன் 1881-இல் எழுதிய ‘த்ரான் ஜேனட்’. தலைப்பின் முதல் சொல்லுக்குப் பொருள் தேடி அருஞ்சொல் பட்டியலுக்குப் போனால் அது ‘டி’ (T) எழுத்தில் அல்லவா இருக்கும்! கதைதான் பொருள் சொன்னது. படிப்பாளியான இளம் பாதிரியார், ஊரார் சூனியக்காரி என்று ஒதுக்கிய ஜேனட்டை வீட்டு வேலைக்கு வைக்கிறார். பிசாசைத் துறக்கிறேன் என்று எல்லார் முன்னாலும் அவளைச் சொல்ல வைக்கிறார். மறுநாள் அவள் வரும்போது கழுத்து ஒரு பக்கம் திருகியிருக்கிறது, தூக்கில் தொங்கிய உடல்போல. முறுகிய, கோணிய, ஏறுக்குமாறான என்று நானே பென்சிலால் ஓரத்தில் எழுதிக்கொண்டேன். பிறகு ஓர் ஆகஸ்ட் இரவு, காற்றில்லாத புழுக்கம். (நமக்குப் புதிதா? அந்தப் பக்கம் படிக்கும்போது எங்கள் தெருவில் மின்சாரம் இல்லை.) பாதிரியார் மெழுகுவர்த்தியோடு அறைக்குள் போனால் ஜேனட் ஆணியில் தொங்குகிறாள், காலுறை தைக்கும் ஒற்றைக் கம்பளி நூலில். ஓர் ஆளின் எடையை அந்த நூல் தாங்காது என்று நமக்குத் தெரிகிறது, அவருக்கும் தெரிகிறது. அப்புறம் மாடிப்படியில் காலடிச் சத்தம்.

இந்தக் கதையை வாய்விட்டுப் படிக்க வேண்டும். கண்ணால் படித்தால் முதல் இரண்டு பக்கம் எழுத்துப்பிழைக் குவியலாகத் தெரியும். நான் சொல்லிச் சொல்லிப் படித்தபோது, திண்ணையில் வெற்றிலை மென்றுகொண்டே ஒரு கிழவர் கதை சொல்வது கேட்டது. கரிசல் வட்டாரக் கதைகளைப் படித்துப் பழகியவர்களுக்கு இந்த வித்தை தெரிந்திருக்கும்.

ஜேம்ஸ் ஹாக் என்ற ஆட்டிடையர் எழுத்தாளரைப் பற்றி முன்னுரையில் ஒரு செய்தி இருக்கிறது. வால்டர் ஸ்காட், நாட்டுப்பாடல்கள் சேகரிக்க வந்தபோது பாடிக் காட்டியவர் ஹாக்கின் தாய். பாடுவதற்கு என்று இருந்ததை அச்சடித்துக் கெடுத்துவிட்டீர்கள், இனி யாரும் பாட மாட்டார்கள் என்று முகத்துக்கு நேராகவே சொன்னாராம். அச்சகத்தில் உழைத்தவரின் பிள்ளையான எனக்கு அந்தக் கிழவியிடம் பதில் இல்லை.

மார்கரெட் ஆலிஃபன்ட்டின் ‘திறந்த கதவு’ (1882) பயமுறுத்தவில்லை, கலங்க வைத்தது. இந்தியாவிலிருந்து திரும்பிய கர்னல் ஒருவர் எடின்பரோவுக்குப் பக்கத்தில் வீடு எடுக்கிறார். தோட்டத்தில் இடிந்த கட்டடம். சுவர் போய்விட்டது, வாசல் மட்டும் நிற்கிறது. இரவில் அங்கே ஒரு குரல், ‘அம்மா, உள்ளே விடு’ என்று அழுகிறது. கர்னலின் சின்ன மகன் அதைக் கேட்டுக் காய்ச்சலில் விழுகிறான். பேயை ஓட்டச் சொல்லவில்லை, அதற்கு உதவி செய் என்று அப்பாவிடம் கேட்கிறான். ஆலிஃபன்ட் இளம் வயதில் கணவரை இழந்து, எழுதியே குடும்பத்தைக் காப்பாற்றியவர். பிள்ளைகளையும் பறிகொடுத்தவர். அந்தக் குரலை அவர் எங்கிருந்து எடுத்தார் என்று கேட்கத் தேவையில்லை.

மற்றவற்றை வேகமாகக் கடக்கலாம். பிணம் திருடும் கதை ஒன்று, ஸ்டீவன்சனுடையதே, நன்றாகத்தான் இருக்கிறது, முடிவு முன்பே தெரிந்துவிடுகிறது. நெளிந்த பக்கங்களில் இருக்கும் ஹாக்கின் கதை ஒரு வேலைக்காரனையும் அவனை வெறுத்தே அழியும் எசமானியையும் பற்றியது. பாதியில் களைத்தேன், ஈரத்தின்மேல் பழி போடுகிறேன்.

ராபர்ட் பர்ன்ஸின் பாட்டு ஒன்றையும் சேர்த்திருக்கிறார்கள், 1791-இல் வந்தது. குடித்துவிட்டுக் குதிரையில் வீடு திரும்பும் டாம், பாழடைந்த சர்ச்சில் சூனியக்காரிகள் ஆடுவதைப் பார்த்து உற்சாகத்தில் கத்திவிடுகிறான். துரத்துகிறார்கள். ஓடும் தண்ணீரை அவர்களால் தாண்ட முடியாது என்பதால் பாலத்தை எட்டித் தப்புகிறான்; குதிரையின் வால் மட்டும் அவர்கள் கையில். எங்கள் பக்கத்தில் டாம் என்ன செய்வான் என்று யோசித்தேன். பக்கிங்ஹாம் கால்வாயில் தண்ணீர் ஓடி எவ்வளவு காலம் ஆயிற்று! பேய்கள் தாராளமாகக் கடக்கலாம், மூக்கைப் பிடித்துக்கொண்டால் போதும்.

முன்னுரையில் இன்னொன்று. மலைப்பகுதி ஓடைகளில் ஒருத்தி துணி துவைப்பாளாம். பிரசவத்தில் செத்த பெண். அவள் துவைப்பது விரைவில் சாகப்போகிறவனின் உடுப்பு. அதை மனைவிக்கு வாசித்துக் காட்டினேன். கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்களின் துணியை வெளுத்தவர்களால் பெயர் பெற்ற பேட்டையில் உட்கார்ந்துகொண்டு ராத்திரியில் இதைப் படிக்கிறீர்களே என்று விளக்கை அணைத்துவிட்டாள். அன்று மாடியில் காயப்போட்ட துணியை யாரும் எடுக்கப் போகவில்லை.

கடையைப் பற்றிய குறைகள். மதியம் ஒன்றரைக்கு மூடினால் எப்போது திறப்பார் என்பதற்கு உறுதி கிடையாது. புத்தகங்களில் வரிசை என்று எதுவும் இல்லை. சமையல் புத்தகத்துக்குக் கீழே சட்டப் புத்தகம், அதற்குக் கீழே பேய். விளக்கு போதாது, கைபேசி வெளிச்சத்தில்தான் பார்க்க வேண்டும். பக்கங்கள் குறைந்திருந்தால் அவராகச் சொல்ல மாட்டார். கேட்டால் பொய் சொல்லவும் மாட்டார். எனக்கு விற்ற புத்தகத்துக்கு, பட்டியல் பாதிதான் இருக்கிறது என்று மறுபடி போய்ச் சொன்னதும், பேசாமல் இருபது ரூபாயை எடுத்து நீட்டினார்.

வாங்கிக்கொண்டு, ஸ்டீனியின் கதையைச் சுருக்கமாகச் சொன்னேன். குரங்கு வரும் இடத்தில் வாய்விட்டுச் சிரித்தார். நாள்காட்டியில் அன்றைய தாளைக் கிழித்து, பின்பக்கம் பேனாவால் ‘ஸ்காட்லாந்து பேய் புத்தகம் ஒன்று, 160 ரூபாய் பெற்றுக்கொண்டேன்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். இரண்டு மாதக் கெடு போன வாரம் முடிந்துவிட்டது, புத்தகம் என்னிடம்தான் இருக்கிறது. ஹாக்கின் 1824-ஆம் ஆண்டு நாவல், பாவியின் வாக்குமூலம், கைக்கு வந்தால் எனக்கென்று எடுத்துவைக்கச் சொல்லியிருக்கிறேன். அந்த மூலைக்குப் போகிறவர்கள் அதை மட்டும் தொட வேண்டாம்.