இரண்டே கால் வருடமாக மணிக்கட்டில் ஒரு ஈசிஜி

நான் ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியை. வயது 66, ஊர் கும்பகோணம். பன்னிரண்டு வருடமாகப் பிபி மாத்திரை சாப்பிடுகிறேன். மூன்று வருடத்துக்கு முன் நெஞ்சில் ஒரு படபடப்பு வர ஆரம்பித்தது. வேகமாக அடிப்பதோடு நின்றிருந்தால் அவ்வளவு பயந்திருக்க மாட்டேன். தாளம் தப்பி அடித்தது. இரண்டு துடிப்பு ஒட்டி வரும், ஒரு இடைவெளி, அப்புறம் நான்கைந்து அவசரமாக ஓடும். அரை மணி, ஒரு மணி நேரத்தில் தானாக அடங்கிவிடும்.

ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரி போய்ச் சேர்வதற்குள் எல்லாம் சரியாகியிருக்கும். நான்கு முறை ஈசிஜி எடுத்தார்கள், நான்கும் நார்மல். நாள் முழுக்க இதயத் துடிப்பைப் பதிவு செய்யும் ஹோல்டர் என்ற சின்னக் கருவியை 24 மணி நேரம் மாட்டினார்கள். அன்றைக்கென்று பார்த்து ஒன்றும் வரவில்லை. "டென்ஷனைக் குறைங்கம்மா" என்று ஒரு டாக்டர் சொன்னபோது அழுகையே வந்துவிட்டது.

ஈசிஜி எடுக்கும் வசதியுள்ள வாட்சை மகள்தான் வாங்கி வந்தாள். விலை என் ஒரு மாதப் பென்ஷனைத் தாண்டும். அது இரண்டு விதமாக வேலை செய்கிறது. அடிப்பக்கம் மினுக்கும் பச்சை விளக்கு, தோலுக்கடியில் ஓடும் ரத்தத்தை வைத்து நாடியைக் கவனிக்கும். தாளம் தப்புவது தொடர்ந்தால் எச்சரிக்கும். இரண்டாவது, நாமே எடுக்கும் ஈசிஜி. வலது ஆள்காட்டி விரலைப் பக்கவாட்டுக் குமிழில் வைத்து 30 நொடி அசையாமல் உட்கார வேண்டும். இடது மணிக்கட்டுக்கும் வலது விரலுக்கும் நடுவே இதயத்தின் மின்னோட்டம் கோடாக விழும்.

முதல் வாரம் வெறும் குழப்பம். "முடிவு தெளிவாக இல்லை" என்றே திரும்பத் திரும்பக் காட்டியது. காரணங்களை ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்தேன். இடது கை வளையல்கள் வாட்சை இடித்துத் தூக்கிக்கொண்டிருந்தன. எல்லாவற்றையும் வலது கைக்கு மாற்றினேன். பாத்திரம் தேய்த்த ஈரக்கையோடு எடுக்கக் கூடாது. விரல் காய்ந்து வறண்டு கிடந்தாலும் கோடு சரியாக விழாது. ஓடுகிற கிரைண்டர் பக்கத்தில் நின்று எடுத்தால் கோடு முழுக்கப் பொடி நடுக்கம். முழங்கையை மேசை மேல் ஊன்றி, பேசாமல், மூச்சைச் சாதாரணமாக விட்டு எடுத்தால் பத்துக்கு எட்டு முறை சரியாக வருகிறது.

நான்காவது மாதம், ராத்திரி 2.40. படபடப்பு எழுப்பிவிட்டது. கட்டில் விளிம்பில் உட்கார்ந்து விரலை வைத்தேன். 30, 29, 28 என்று எண் குறைகிறது, கோடு கண்ணெதிரே போகிறது. முனைகள் சில நெருங்கி, சில விலகி, ஒரு ஒழுங்கும் இல்லை. "ஏங்க, எழுந்திருங்க, மாட்டிக்கிச்சு!" என்று இவரை உலுக்கினேன். பயந்து எழுந்தவர், நான் சிரிப்பதைப் பார்த்து விழித்தார். அத்தனை நிம்மதி எனக்கு.

மறுநாள் அந்தக் கோட்டை அச்சடித்து இதய டாக்டரிடம் நீட்டினேன். இரண்டு நிமிடம் உற்றுப் பார்த்தார். சாதாரணத் துடிப்பில் ஒவ்வொரு பெரிய முனைக்கு முன்னாலும் ஒரு சின்ன மேடு வரும். இதில் அது இல்லை என்று பேனாவால் தொட்டுக் காட்டினார். ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன். மேல் அறைகள் சுருங்கி விரியாமல் வெறுமே நடுங்குகின்றன, அங்கே தேங்கும் ரத்தம் கட்டியாகி மூளைக்குப் போகலாம், பக்கவாதம் வரும் வாய்ப்பு ஏறக்குறைய ஐந்து மடங்கு என்றார். எக்கோ என்ற இதய ஸ்கேன், தைராய்டு பரிசோதனை எல்லாம் எடுத்தார்கள். வயதையும் பிபியையும் கணக்கில் எடுத்து, ரத்தம் உறைவதைத் தடுக்கும் மாத்திரையை அன்றே ஆரம்பித்துவிட்டார்.

வாட்ச் எச்சரித்தாலே இந்த நோய்தான் என்று பதற வேண்டாம். ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம் ஆப்பிள் வாட்சை வைத்து 4,19,297 பேரிடம் ஆய்வு நடத்தி 2019இல் வெளியிட்டது. எச்சரிக்கை வந்தவர்கள் 2,161 பேர்தான், அதாவது நூற்றுக்கு அரைப் பேர். அவர்களில் நெஞ்சில் ஈசிஜி பட்டை ஒட்டிச் சோதித்துக்கொண்டவர்களில் 34 சதவீதம் பேருக்கு ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் பதிவானது. இது வந்து வந்து போகும் நோய் என்பதால், பட்டை ஒட்டிய நாட்களில் வராமலும் இருந்திருக்கலாம். என் ஹோல்டர் கதையேதான்.

இன்னொன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். இது மாரடைப்பைக் கண்டுபிடிக்காது. நெஞ்சு வலி, வியர்வை, மூச்சுத் திணறல் என்றால் விரலை வைத்துக்கொண்டு உட்காராதீர்கள், உடனே 108க்குக் கூப்பிடுங்கள்.

மனதுக்குள் ஒரு கெடுதலும் நடந்தது. நோய் உறுதியான பின் ஒரு மாதம், நாளைக்கு இருபது முறை எடுத்துப் பார்த்தேன். பார்க்கப் பார்க்கப் பயம்தான் கூடியது. "படபடப்பு வந்தா மட்டும் எடுங்கம்மா, இல்லேன்னா எனக்கு நீங்க நல்லா இருக்கீங்கன்னு அர்த்தம்" என்றார் டாக்டர். அதிலிருந்து அப்படித்தான்.

சார்ஜ் தினமும் போட வேண்டும். படபடப்பு எனக்கு ராத்திரியில் வருவதால், சாயங்காலம் விளக்கேற்றும் நேரத்தில் கழற்றிப் போட்டு, படுக்குமுன் மாட்டிக்கொள்கிறேன். வெயில் காலத்தில் வாட்ச் பட்டைக்கடியில் அரிப்பு வந்தது. துணிப் பட்டைக்கு மாறியதும் சரியாகிவிட்டது. கடந்த ஆறு மாதத்தில் இரண்டே முறைதான் தாளம் தப்பியது, இரண்டும் கோப்பில் இருக்கின்றன.

இரண்டு தெரு தள்ளி இருக்கும் என் அக்காவுக்கு 71 வயது. வாட்செல்லாம் வேண்டாம் என்றுவிட்டாள். கட்டை விரலுக்குக் கீழே, மணிக்கட்டில் இரண்டு விரல் வைத்து நாடி பிடிக்கச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். தினமும் காலையில் காபிக்கு முன் ஒரு நிமிடம் பிடித்துப் பார்க்கிறாள். தாளம் தப்புகிற மாதிரி இருந்தால் எந்த நேரமானாலும் போன் பண்ணு, வாட்சைக் கழற்றி எடுத்துக்கொண்டு ஓடி வருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன்.