காஞ்சனபுரி ஒரு நாள் ட்ரிப்: ட்ரெயினா, குரூப் வேனா, தனி கைடா?

தாய்லாந்துல பாங்காக் பக்கம் இருக்குற காஞ்சனபுரிக்கு நான் மூணு தடவை போயிருக்கேன், மூணும் மூணு விதமா. முதல் தடவை தனியா ட்ரெயின்ல, ரெண்டாவது ஆபீஸ் பசங்களோட குரூப் வேன்ல, கடைசியா பெரியப்பாவைக் கூட்டிக்கிட்டு தனி கார், தனி கைடு வச்சு. அதனால பாங்காக் டிக்கெட் போட்டவங்க யாராவது "எதுல போறது பெஸ்ட்"னு கேட்டுட்டே இருக்காங்க. ஒண்ணு மட்டும் முதல்லயே சொல்லிடறேன், தனி கைடுக்குக் குடுக்குற காசு எதுக்குன்னு தெரியாம குடுத்தீங்கன்னா அது வெறும் ஏசி டாக்சிதான்.

காஞ்சனபுரிக்குப் போறதே அங்க இருக்குற போர்க்கால ரயில் பாதையைப் பாக்கத்தான், விஷயம் தெரியாதவங்களுக்குக் கொஞ்சம் பின்கதை. ரெண்டாம் உலகப் போர்ல பர்மாவைப் பிடிச்ச ஜப்பான்காரனுக்கு அங்க இருக்குற படைக்கு சாமான் அனுப்பணும், கடல் வழியா சிங்கப்பூரைச் சுத்தி அனுப்புனா சப்மரீன்காரன் அடிக்கிறான், சரி தரை வழியாவே போயிடலாம்னு தாய்லாந்துல இருந்து பர்மாவுக்கு மலையைக் குடைஞ்சு காட்டை வெட்டி 415 கிலோமீட்டர் தண்டவாளம் போட்டான். 1942-ல ஆரம்பிச்சு 1943 அக்டோபர்லயே முடிச்சாச்சு. எப்படி முடிஞ்சுதுன்னா, 60,000-க்கு மேல போர்க் கைதிங்க, பிரிட்டிஷ், ஆஸ்திரேலியா, டச்சு, கொஞ்சம் அமெரிக்கர்கள், அதுல 12,000 பேருக்கு மேல செத்தாங்க. இது எல்லாருக்கும் தெரிஞ்ச கணக்கு. ஆனா அதே வேலைல மலாயா, பர்மா, ஜாவா, தாய்லாந்துன்னு கொண்டாந்து போட்ட ஆசியக் கூலிங்க ரெண்டு லட்சம் பேர் மாதிரி, அதுல செத்தது கிட்டத்தட்ட 90,000-ன்னு மதிப்பீடு. அப்போ யாரும் பேர் எழுதி வைக்கலை, அதான் இன்னிக்கும் வெறும் மதிப்பீடு. மலாயாவுல இருந்து போனவங்கள்ல பெரும்பாலும் ரப்பர் தோட்டத்துத் தமிழ் சனம். மலேசியத் தமிழர்கள் இன்னமும் இதை சயாம் மரண ரயில்னுதான் சொல்லுவாங்க, சயாம்னா தாய்லாந்தோட பழைய பேரு. எங்க பெரியப்பாவோட தாய்மாமா ஒருத்தர் அப்படிப் போனவர், வீட்ல அவரைப் பத்திப் பேச்சு வந்தா "சயாமுக்குப் போனாரு"ன்னு சொல்லி நிறுத்திடுவாங்க, திரும்பி வந்தாரா இல்லையான்னு யாரும் கேக்க மாட்டாங்க.

இப்போ ட்ரெயின். பாங்காக்ல தொன்புரின்னு ஒரு சின்ன ஸ்டேஷன், சிரிராஜ் ஆஸ்பத்திரிகிட்ட, அங்கிருந்து காலைல எட்டு மணிக்குக் கொஞ்சம் முன்னாடி ஒரு வண்டி, மத்தியானம் ரெண்டு மணி வாக்குல இன்னொண்ணு. வெளிநாட்டுக்காரங்களுக்கு நான் குடுத்தது 100 பாட், எங்க இறங்குனாலும் அதே ரேட்டுதான். மூணாம் கிளாஸ், ஃபேன் மட்டும், ஜன்னல் முழுசாத் திறந்திருக்கும், தலைல புழுதியோடதான் இறங்குவீங்க. ஆனா அந்தத் தண்டவாளத்துலயே உக்காந்து போறோம்ல, அதுக்கு ஈடா எதுவும் கிடையாது. வழியில தாம் கிராசேங்கிற இடத்துல வண்டி ஆமை மாதிரி ஊர்ந்து ஒரு மரப் பாலத்துல ஏறும், ஒரு பக்கம் பாறைச் சுவர், கையை நீட்டினா உரசும், இன்னொரு பக்கம் கீழ ஆறு, மரச் சட்டம் எல்லாம் கிறீச் கிறீச்னு சத்தம். நான் போன வேன்ல இது கிடைக்கலை.

பிரச்சினை நேரக் கணக்குல. காலை வண்டி காஞ்சனபுரிக்கு பத்தரை வாக்குல வருது, கடைசி ஸ்டேஷன் நாம் தோக் போய்ச் சேர பன்னெண்டரை ஆயிடும், அதே வண்டி கொஞ்ச நேரத்துலயே பாங்காக் திரும்பிடும். அதாவது நாம் தோக் வரைக்கும் போனீங்கன்னா இறங்கி ஒரு டீ குடிச்சுட்டு திரும்ப ஏற வேண்டியதுதான். தண்டவாளத்துக்காக மலைப் பாறையைக் கையால வெட்டுன இடமான ஹெல்ஃபயர் பாஸ் அங்கிருந்து இன்னும் ரோட்டு வழியா பதினெட்டு கிலோமீட்டர் மாதிரி. ஒரே நாள்ல ட்ரெயின்ல போய் ட்ரெயின்லயே வரணும்னா அதை மறந்துடுங்க. நான் முதல் தடவை மறக்காம ஓடி, ஒரு பஸ்ஸைப் பிடிச்சு, திரும்புற ட்ரெயினைத் தவற விட்டு, ராத்திரி பதினொரு மணிக்கு ரூமுக்கு வந்தேன். புத்திசாலித்தனமாப் பண்ணணும்னா காஞ்சனபுரிலயே இறங்கி, ஸ்டேஷன்ல இருந்து நடந்தே போர்க் கைதிங்க கல்லறை, பக்கத்துலயே ரயில்வே மியூசியம், அப்புறம் ஆத்து மேல அந்த ரயில் போற இரும்புப் பாலம், மதியம் திரும்புற வண்டி. நாலு மணி நேரம் நிம்மதியா கிடைக்கும். சனி ஞாயிறுன்னா பாங்காக் ஹுவா லம்போங் ஸ்டேஷன்ல இருந்து ரயில்வேகாரங்களே ஒரு சுற்றுலா வண்டி விடறாங்க, அதுல அங்கங்க நிறுத்திக் காட்டுவாங்க, ஃபேமிலியோட ஜாலியாப் போறதுக்கு அது ஓகே.

குரூப் வேன் பத்தி அதிகம் எழுத ஒண்ணுமில்லை. காலைல ஹோட்டல் ஹோட்டலா ஆள் பொறுக்கவே ஒரு மணி நேரம் போயிடும். அப்புறம் மிதக்கும் சந்தை, அதாவது தாம்னோன் சதுவாக், அதுவும் ஒரே பேக்கேஜ்ல சேர்த்திருப்பாங்க, அங்க ஒன்றரை மணி நேரம் தேங்காய் ஐஸ்கிரீம் சாப்பிட்டுட்டு, பாலத்துல நாப்பது நிமிஷம், கல்லறைல பதினஞ்சு நிமிஷம். எங்க வேன்ல கைடு மைக் பிடிச்சு சொன்னதுல பாதி இந்தப் பாலத்தை வச்சு எடுத்த தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்ங்கிற ஹாலிவுட் படத்தோட கதை, அந்தப் படம் எடுத்ததே இலங்கைல கித்துல்கலைல, இந்த ஊரே கிடையாது. ஏன், ஆத்துப் பேரே படத்துக்கு அப்புறம் மாத்துனதுதான், பாலம் நிக்கிறது அப்போ மே குளோங் ஆறு, படம் பாத்துட்டு வந்தவன் எல்லாம் குவாய் எங்க குவாய் எங்கன்னு கேட்டதுல 1960 வாக்குல அந்தப் பகுதிக்கு குவே யாய்னு பேரு வச்சுட்டாங்க. இதையாவது அந்த கைடு சொல்லியிருக்கலாம், சிரிச்சிருப்போம். வேன் யாருக்குன்னா, ஒத்தை ஆளாப் போறீங்க, ட்ரெயின் நேரம் பாத்து ஓட பிடிக்கலை, பாலத்துல ஒரு போட்டோ போதும், அவங்களுக்கு. தலைக்குக் கணக்குப் பண்ணா சீப்பு, அதுல குறை சொல்ல முடியாது.

தனி கைடு. இங்கதான் நிறைய பேர் ஏமாறுறாங்க. "பிரைவேட் டூர்"னு போட்டிருக்கும், உள்ள போய்ப் படிச்சா டிரைவர் மட்டும்தான், அவருக்கு இங்கிலீஷ்ல நம்பர் எண்ணத் தெரியும், அவ்வளவுதான், மியூசியம் வாசல்ல இறக்கி விட்டுட்டு போன் பாத்துட்டு இருப்பார். பாவம் அவரைத் தப்பு சொல்ல முடியாது, அவர் வேலை ஓட்டுறது. தாய்லாந்துல கைடு வேலை சட்டப்படி அந்த ஊர்க்காரங்களுக்கு மட்டும்தான், லைசென்ஸ் கார்டு இருக்கணும், கழுத்துல மாட்டியிருப்பாங்க. புக் பண்றப்பவே "கார்டு இருக்குற கைடு கூட வர்றாரா, இல்ல டிரைவரே கைடா"ன்னு நேராக் கேட்டுடுங்க. நான் முதல்ல பேசுன ஒரு பார்ட்டி இந்தக் கேள்விக்கு நாலு நாள் பதிலே போடலை, சரிதான்னு அடுத்த ஆளைப் பாத்தேன்.

கிடைச்சது ஒரு அம்மா, அம்பது வயசு இருக்கும், காஞ்சனபுரியே சொந்த ஊர். அவங்க பண்ண முதல் காரியமே என் பிளானைத் தலைகீழாத் திருப்புனது. நான் பாலத்துல ஆரம்பிச்சு ஹெல்ஃபயர் பாஸ்ல முடிக்கலாம்னு வச்சிருந்தேன், அவங்க சொன்னாங்க ஹெல்ஃபயர் பாஸ் சென்டர் சாயந்தரம் நாலு மணிக்கு மூடிடும், வெயில் ஏறுறதுக்குள்ள பெரியவரை அங்க நடக்க வைக்கணும், அதனால ஆறு மணிக்கே கிளம்பி நேரா அங்க, அப்புறம் மதியம் நாம் தோக்ல நம்மளை ட்ரெயின்ல ஏத்தி விட்டுட்டு கார் ரோட்டு வழியா வந்து காஞ்சனபுரில நம்மளை எடுத்துக்கும்னு. ட்ரெயினும் கிடைச்சது, ஹெல்ஃபயர் பாஸும் கிடைச்சது, இது தனி கார் இல்லாம ஒரே நாள்ல நிம்மதியா நடக்காது. குடுத்த காசுல பாதி இதுக்கே சரியாப் போச்சு.

ஹெல்ஃபயர் பாஸ் ஆஸ்திரேலிய அரசு நடத்துற இடம், நுழைவுக் கட்டணம் கிடையாது, ஆடியோ கருவியும் சும்மாவே தர்றாங்க. மரப் படிக்கட்டுல இறங்கினா ரெண்டு பக்கமும் பாறை, நடுவுல தண்டவாளம் போட்டிருந்த தடம், இப்போ அதுல மரமே முளைச்சு நிக்குது. கையால வெட்டுன பாறை, ஒருத்தன் உளியைப் பிடிக்க இன்னொருத்தன் சம்மட்டி அடிக்க, 1943-ல ஜப்பான் எஞ்சினியருங்க "ஸ்பீடோ ஸ்பீடோ"ன்னு கத்தி ராப்பகலா வேலை வாங்குனது இங்கதான், ராத்திரி தீப்பந்த வெளிச்சத்துல எலும்பும் தோலுமா ஆளுங்க நிக்கிறதைப் பாத்து நரகம்னு பேரு வச்சாங்க. இதெல்லாம் ஆடியோவுலயே வரும். கைடு அம்மா என்ன பண்ணாங்கன்னா, ஒரு இடத்துல நிறுத்தி பெரியப்பா கையைப் பிடிச்சு பாறைல வச்சாங்க. ஒரு துளை, அதுல உடைஞ்சு மாட்டிக்கிட்ட ட்ரில் கம்பி, துருப்பிடிச்சு இன்னும் அப்படியே இருக்கு. விரல் உள்ள போற அளவு துளை. அவர் கையை எடுக்கவே இல்லை ரொம்ப நேரம். பின்னாடி ஒரு குரூப் வந்து நின்னுச்சு, நாங்க வழி விட்டோம், திரும்ப அவர் அங்கயே போய் நின்னார். வேன்ல வந்திருந்தா "கம் கம்"னு கூப்பிட்டிருப்பாங்க.

ஊருக்குள்ள வந்து கல்லறை. 6,982 பேர், புல்லு ஒரு இஞ்ச் கூட அதிகம் வளராம வெட்டி, பெரும்பாலானவங்களுக்குப் பேர், வயசு, பல கல்லுல கீழ வீட்டுக்காரங்க எழுதுன ரெண்டு வரி. முதல் ரெண்டு தடவையும் இதைப் பாத்துட்டு மனசு கனத்துப் போய் வந்தேன், நம்ம ஆளுங்க எங்கன்னு கேக்கத் தோணலை, அதான் உண்மை. இந்தத் தடவை முன்னாடியே மெசேஜ்ல கேட்டிருந்தேன், தமிழ்த் தொழிலாளர்கள் சம்பந்தமா என்ன இருக்கோ அதுக்கும் கூட்டிட்டுப் போகணும்னு. கல்லறைக்குப் பக்கத்துலயே வாட் தாவோன் வராராம்னு ஒரு கோயில், அங்க ஆசியத் தொழிலாளர்களுக்கு நினைவிடம் இருக்கு, 2023-ல மலேசியத் தமிழர்கள் ஒரு நடுகல்லும் வச்சிருக்காங்க. டூர் வேனுங்க நிக்கிற இடத்துல இருந்து நடந்தே போயிடலாம், ரெண்டு தடவை வந்தும் நான் போனதில்லை.

அப்புறம் பாலத்துக்குக் கொஞ்சம் தள்ளி ஜப்பான் ராணுவமே 1944-ல கட்டுன ஒரு நினைவுத்தூண். கொன்னவனே கட்டுன சமாதி, என்னத்தச் சொல்ல. அதுல பல மொழில பலகை பதிச்சிருக்கு, ஒண்ணு தமிழ். அந்த அம்மா இத்தனை வருஷமா அதை "இந்தியன் லாங்குவேஜ்"னு சொல்லிக் கடந்து போயிட்டு இருந்திருக்காங்க. பெரியப்பா கண்ணாடியை நெத்திக்கு ஏத்திட்டு எழுத்துக் கூட்டிப் படிச்சார், அவங்க போனை எடுத்து ரெக்கார்ட் பண்ணிக்கிட்டாங்க, இன்னொரு தடவை மெதுவாப் படிக்கச் சொல்லிக் கேட்டாங்க. நாங்க காசு குடுத்து கைடு வச்சோம், கடைசில எங்க ஆளு அவங்களுக்கு கைடு.

இரும்புப் பாலத்தைப் பத்தி ஒரு வரி, வளைஞ்சிருக்குற கர்டர் எல்லாம் அந்தக் காலத்துது, நடுவுல வளைவில்லாம நிக்கிற ரெண்டு மட்டும் குண்டு விழுந்து உடைஞ்சு போருக்கு அப்புறம் மாத்துனது. இதைத் தெரிஞ்சுக்க கைடு வேண்டாம்.

காசுன்னு வந்தா, தனி கார் தனி கைடு சில ஆயிரம் பாட் ஆகும், தலைக்கு இல்ல, வண்டிக்கு. அதனால ரெண்டு பேருக்குக் கொஞ்சம் வலிக்கும், நாலு பேர் சேர்ந்தா நல்ல குரூப் டூர் ரேட்டுக்குப் பக்கத்துல வந்துடும். வயசானவங்க கூட இருந்தா யோசிக்கவே வேண்டாம். ஆனா நீங்க ஏற்கனவே நிறையப் படிச்சுட்டுப் போற ஆள், உடம்புல தெம்பு இருக்குன்னா, தனி கைடை விட இன்னொரு வழி இருக்கு, ஒரு நாள் ட்ரிப்ங்கிறதையே விட்டுடுங்க. ட்ரெயின்ல போய் காஞ்சனபுரில ஒரு ராத்திரி தங்கி, முதல் நாள் ஊருக்குள்ள, ரெண்டாவது நாள் ஹெல்ஃபயர் பாஸ். மிச்சமாகுற காசுல அங்கயே லோக்கலா அரை நாளைக்கு ஒரு கைடு பிடிச்சுக்கலாம். ஆத்தோரமா சுங்காய்னு இன்னொரு கல்லறை இருக்கு, அங்கதான் ஒரு கைதி முகாமே இருந்தது, கூட்டமே இருக்காது, ஒரு நாள்ல வர்றவங்க பெரும்பாலும் அங்க போறதில்லை. சைக்கிள் வாடகைக்கு எடுத்தா போயிடலாம்.

எதுல போனாலும் காஞ்சனபுரில இருந்து நாம் தோக் பக்கம் ட்ரெயின்ல ஏறினா இடது பக்கமா உக்காருங்க, ஆறு அந்தப் பக்கம்தான். திரும்பி வர்றப்ப வலது பக்கம். நாங்க வர்றப்ப மாத்தி உக்காந்துட்டோம், பாதி வழி பாறையை மட்டும் பாத்துட்டு வந்தோம், பெரியப்பா அசந்து தூங்கிட்டார்.