டினா மொடோட்டி படத்தொகுப்பு: அச்சு நன்று, வாழ்க்கைக் குறிப்பில் வஞ்சனை

இத்தாலியின் உதினே நகரில் 1896-இல் பிறந்து, மெக்சிகோவில் ஒளிப்படக் கலைஞராகவும் கம்யூனிஸ்டாகவும் உருவான டினா மொடோட்டியின் படத்தொகுப்பு ஒன்றை வரவழைத்து, ஒரு மாதமாகப் புரட்டி வருகிறேன். கெட்டி அட்டை, மினுமினுப்பில்லாத தடித்த தாள். அச்சில் பெரிதாகக் குறை சொல்ல இடமில்லை. பிளாட்டினம், பல்லேடியம் உலோக உப்புகள் பூசிய ஒளிப்படத் தாள்களில் அவர் போட்ட படிகளின் உயிரே கறுப்புக்கும் வெள்ளைக்கும் இடைப்பட்ட சாம்பல் சாயல்களில்தான் இருக்கிறது. 1924-இல் எடுத்த ரோஜாப் படத்தில் இதழ் விளிம்புகள் வதங்கத் தொடங்கியிருப்பதுகூட இங்கே தெளிவாகத் தெரிகிறது.

ஆனால் 1926-இன் தொழிலாளர் ஊர்வலப் படத்தைப் பாழாக்கிவிட்டார்கள். உயரத்திலிருந்து கீழ்நோக்கி எடுக்கப்பட்ட அதில் முகங்களைத் தேட வேண்டியதில்லை. வெயிலில் மின்னும் அகன்ற தொப்பிகள் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு நகர்வதுதான் படம். அதை இரண்டு பக்கங்களுக்குக் குறுக்கே விரித்ததால், கூட்டம் நெருக்கியடிக்கும் நடுப்பகுதியைத் தையல் விழுங்கிவிட்டது. ஒரே பக்கத்தில் சிறிதாகப் போட்டிருந்தாலே போதும்.

இதைவிடப் பெரிய மனக்குறை வாழ்க்கைக் குறிப்பில் இருக்கிறது. அமெரிக்க ஒளிப்படக் கலைஞர் எட்வர்ட் வெஸ்டனுடன் 1923-இல் மெக்சிகோ சென்றதும், மொடோட்டியை வெஸ்டன் எடுத்த நிர்வாணப் படங்களும் பக்கம் பக்கமாக வருகின்றன. மொடோட்டி 1927-இல் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்ததும், 'எல் மச்செத்தே' என்ற கட்சி ஏட்டுக்காகப் படமெடுத்ததும் ஒரே பத்தியில் முடிந்துவிடுகின்றன. அவருடைய காதலரான கியூபப் புரட்சியாளர் ஹூலியோ அந்தோனியோ மேயா 1929 ஜனவரியில் அவருடன் நடந்து வரும்போது சுட்டுக் கொல்லப்பட்டதைக்கூடக் காதல் சோகமாகவே எழுதியிருக்கிறார்கள். மேயாவின் தட்டச்சு இயந்திரத்தை, விசைகளும் தாளில் பாதி ஏறிய எழுத்துகளும் மட்டும் தெரியும்படி, அதற்கு முந்தைய ஆண்டே மொடோட்டி நெருங்கிப் படமெடுத்திருந்தார். எழுத்தும் ஓர் ஆயுதம் என்று நம்பியவரின் பார்வை அது. அந்தப் படத்துக்கு இங்கே விளக்கம் ஒரு வரிகூட இல்லை.

1930-இல் மெக்சிகோவிலிருந்து வெளியேற்றப்பட்டு, பெர்லின் வழியாக மாஸ்கோ சென்று, ஏறக்குறைய கேமராவையே கைவிட்டு 'சர்வதேச ரெட் எய்ட்' என்ற கம்யூனிஸ்ட் உதவி அமைப்பின் பணிகளில் இறங்கி, ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் 'மரியா' என்ற பெயரில் உழைத்த ஆண்டுகளை, "பிற்காலம்" என்று தலைப்பிட்டு அரைப்பக்கத்தில் ஒதுக்கியிருக்கிறார்கள். ஸ்டாலின் காலத்து மாஸ்கோவை அவர் எப்படிச் சகித்தார் என்ற கேள்வியைக்கூட எழுப்பவில்லை. படத்தை விட்டுவிட்டுக் கட்சிக்குப் போனது கலைக்கு இழப்பே; ஆனால் அதை அவரே தேர்ந்தார் என்பதையாவது சொல்லியிருக்க வேண்டாமா?

படங்களுக்காக வாங்கலாம், அதுவும் தள்ளுபடி விலையில் கிடைத்தால். வாழ்க்கைக் குறிப்பைப் படிக்காமல் நேரே ரோஜாப் பக்கத்திலிருந்து தொடங்குங்கள்.