எம்ஐபி-1 வாங்கலாமா, எஸ்பி6 வாங்கலாமா?

பெருகும் செல்களின் உட்கருவில் இருக்கும் கி-67 என்ற புரதத்தைப் பார்க்க, அதைப் பிடித்துக் காட்டும் ஆன்டிபாடி வாங்கப் போகிறீர்களா? விலைப்பட்டியலைத் திறப்பதற்கு முன்னால், உங்கள் கையில் இருப்பது எந்த உயிரியின் திசு என்று பாருங்கள். மனிதத் திசு என்றால் எம்ஐபி-1 என்ற ஆன்டிபாடி, சுண்டெலித் திசு என்றால் எஸ்பி6 என்ற ஆன்டிபாடி. என் முடிவு இதுதான்.

1983இல் ஜெர்மனியின் கீல் நகரத்தில் யோஹானஸ் கெர்டெஸ் குழு உருவாக்கிய முதல் ஆன்டிபாடியின் பெயர்தான் கி-67. ஊர்ப் பெயரிலிருந்து 'கி', தட்டில் அந்த ஆன்டிபாடியைச் சுரந்த குளோன் (ஒரே செல்லிலிருந்து பெருகிய செல் கூட்டம்) இருந்த குழியின் எண் 67. பிறகு அது அடையாளம் காட்டிய புரதத்துக்கும் அதே பெயர் ஒட்டிக்கொண்டது. ஆனால் அது உறைய வைத்த திசுவில் மட்டுமே வேலை செய்தது. ஃபார்மலினில் போட்டு பாரஃபினில் புதைத்த திசுவிலும், மைக்ரோவேவில் சூடாக்கிய பிறகு, பார்க்க முடியும் என்ற நிலை 1992இல் எம்ஐபி-1 வந்த பிறகுதான் வந்தது. மார்பகப் புற்றுநோய்த் திசுவில் இன்றும் பெரும்பாலும் அதைத்தான் போடுகிறார்கள், பழைய முடிவுகளோடு ஒப்பிடவும் அதுதான் வசதி.

சுண்டெலித் திசுவில்தான் சிக்கல். எங்கள் லேபில் ஒருமுறை சுண்டெலிக் குடலில் எம்ஐபி-1 போட்டபோது, ஸ்லைடு முழுக்க மங்கலான பழுப்புதான் படிந்தது, ஒரு உட்கருகூடத் தனியாகத் தெரியவில்லை. அது சுண்டெலியின் கி-67ஐப் பிடிக்காது என்பது ஒரு காரணம். அதோடு, எம்ஐபி-1 சுண்டெலியில் உருவானது என்பதால் அதைப் பிடிக்க நாம் போடும் செகண்டரி (பழுப்பு நிறத்தைக் கொண்டுவரும் இரண்டாவது ஆன்டிபாடி), திசுவிலேயே இருக்கும் சுண்டெலி ஆன்டிபாடிகளையும் சேர்த்துப் பிடித்துவிடும்.

அதே பாரஃபின் பிளாக்கில் அடுத்த துண்டை வெட்டி எஸ்பி6 போட்டோம். அது முயலிலிருந்து வந்த மோனோகுளோனல் (ஒரே குளோனிலிருந்து வந்த ஆன்டிபாடி), மனிதன், சுண்டெலி, எலி மூன்றிலும் பிடிக்கும். குடலின் விரல் போன்ற நீட்சிகள் முழுக்க நீலம் (கி-67 இல்லாத உட்கருக்களின் நிறம்), அவற்றுக்கு அடியில் இருக்கும் குழிகளில் மட்டும் வரிசையாகப் பழுப்பு உட்கருக்கள்! செல்கள் பெருகுவது அங்கேதான், எனவே வேறு எந்தச் சான்றும் தேவைப்படவில்லை.

சரி, இந்த நேரத்தில் பிரிந்துகொண்டிருக்கும் செல்களை மட்டும் எண்ண வேண்டுமா? அப்போது இரண்டும் வேண்டாம். ஓய்வில் இல்லாத செல்லை எல்லாம் கி-67 காட்டிவிடும். பிரிவின்போது அரோரா பி என்சைம் ஹிஸ்டோன் எச்3இன் (டிஎன்ஏ சுற்றியிருக்கும் ஒரு புரதம்) 10ஆவது இடத்து அமினோ அமிலமான செரினில் பாஸ்பேட்டைச் சேர்க்கிறது, அதைப் பிடிக்கும் ஆன்டிபாடியை வாங்குங்கள். எண்ணிக்கை மிகக் குறைவாக வரும், அதனால் நிறைய இடங்களை எண்ண வேண்டியிருக்கும்.

அப்புறம் ஒன்று. எதை வாங்கினாலும், முதல் நாளிலேயே ஸ்லைடை சிட்ரேட் பஃபர் பிஎச் 6இல் ப்ரெஷர் குக்கரில் சூடாக்கி, தெரிந்த திசுவில் ஓட்டிப் பாருங்கள். மனிதனுக்கு டான்சில், சுண்டெலிக்குக் குடல். பக்கத்திலேயே, வாங்கிய ஆன்டிபாடியைப் போடாமல் செகண்டரி மட்டும் போட்ட ஒரு ஸ்லைடும் இருக்கட்டும்.