பிரெஞ்சு சினிமா இசையமைப்பாளர்களில் யாரைக் கேட்பது: மொரீஸ் ஜாரா, ஜார்ஜ் டெலரூவா?

ஜார் 1924இல் லியோனில் பிறந்தவர். டெலரூ அடுத்த ஆண்டு ரூபே நகரில். இருவரும் பாரிஸ் கன்சர்வேட்டரி இசைக் கல்லூரியில் படித்து, நாடக மேடை வழியாக சினிமாவுக்கு வந்தவர்கள். ஒற்றுமை கிட்டத்தட்ட இதோடு சரி.

ஜார் அடிப்படையில் தாளவாத்தியக்காரர். 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'வில் (1962) முதலில் முரசு அதிரும், அப்புறம்தான் மெட்டு. இயக்குநர் டேவிட் லீன் படங்களுக்காக மூன்று ஆஸ்கர். மூன்றாவது, இந்தியாவில் நடக்கும் 'எ பாசேஜ் டு இந்தியா'வுக்கு. 'விட்னஸ்' (1985) படத்தில் ஆமிஷ் மக்கள் ஊர்கூடிக் களஞ்சியம் கட்டும் காட்சிக்கு வாசித்ததோ சிந்தசைசர்! மின்சாரமே வேண்டாம் என்று வாழ்பவர்களுக்கு மின்னணு இசை. அந்தத் துணிச்சல் எனக்குப் பிடிக்கும்.

டெலரூ சத்தம் போடமாட்டார். இயக்குநர் கோதாரின் 'லெ மெப்ரி'யில் (1963) நாயகி கமீயின் மெட்டைக் கேளுங்கள். தந்திகள் மெல்ல எழும், தயங்கும், திரும்பவும் அதே இடத்துக்கு வரும். கணவன் மனைவி ஏதோ சாதாரணமாகப் பேசிக்கொண்டிருப்பார்கள். மணவாழ்க்கை முடிந்துபோனதை இசை முன்கூட்டியே சொல்லிவிடும். வேடிக்கை என்னவென்றால், இத்தாலியப் பதிப்பில் இந்த இசையையே தூக்கிவிட்டு பியரோ பிச்சியோனி என்ற வேறொரு இசையமைப்பாளரைப் போட்டார்கள். பல வருடம் கழித்து இயக்குநர் ஸ்கார்செஸி அதே மெட்டைத் தன் 'கசினோ' படத்தில் எடுத்தாண்டார். இன்னொரு பிரெஞ்சு இயக்குநரான த்ரூஃபோவின் படங்களுக்கும் டெலரூ நிறைய இசையமைத்தார். ஆஸ்கர் ஒன்றுதான், 'எ லிட்டில் ரொமான்ஸ்' படத்துக்கு.

பெரிய திரை, நல்ல ஸ்பீக்கர் என்றால் ஜார். ராத்திரி ஹெட்போனில் தனியாக என்றால் டெலரூ. எனக்கு இரண்டாவதுதான் அடிக்கடி வாய்க்கிறது.